பழைய விட்ஸா, ஆல்டோவா?

ரத்தோட்டைக்கு அப்பால் தோட்டப் பகுதியொன்றில் வாழும் சகோதரி ஒருவர் எமக்கு நீண்ட கடிதமொன்று எழுதியிருக்கிறார். 1977 கலவரத்தின் பின் மாத்தளையை விட்டு வன்னிக்குப் போன மலையகக் குடும்பம் அவருடையது. அங்கே காடு வெட்டிக் குடியேறி, 2009இல் எல்லாவற்றையும் இழந்து, மெனிக் பாம் முகாமில் இருந்துவிட்டு, சித்தப்பாவின் லயத்தைத் தேடித் திரும்பி வந்தவர்கள். கணவர் இல்லை. தாயாருக்கு முழங்காலுக்குக் கீழே இடது கால் இல்லை. ஷெல் விழுந்ததில் போனது. மகன் மாத்தளை நகரத்தில் படிக்கிறான். சகோதரி பாடசாலைச் சீருடையும் திரைச்சீலையும் தைத்துக் கடைகளுக்குக் கொடுத்து வாழ்கிறார்.

இப்போது அவருக்கு ஒரு வாகனம் தேவைப்படுகிறது. சீட்டுக் காசும் கனடாவில் இருக்கும் தம்பி அனுப்பிய காசும் கையில் இருக்கின்றன. இரண்டு கார்களைப் பார்த்து வைத்திருக்கிறார். ஒன்று 2001ஆம் ஆண்டு டொயோட்டா விட்ஸ், 1000 சீசீ, ஓட்டோ கியர். மற்றது 2014ஆம் ஆண்டு சுசுகி ஆல்டோ 800, கையால் மாற்றும் கியர். இரண்டுக்கும் கேட்கும் விலையில் பெரிய வித்தியாசமில்லை. “தம்பி விட்ஸ் எடுக்கச் சொல்கிறான். கடைக்கார அண்ணன் ஆல்டோ எடுக்கச் சொல்கிறார். நான் யார் சொல்லைக் கேட்பது?” என்பது அவருடைய கேள்வி.

இந்தப் பக்கத்தில் கோழி வளர்ப்பு, தையல் இயந்திரம், வங்கிக் கணக்கு என்று எழுதி வந்த நாம் கார் பற்றி எழுதுவதைச் சிலர் வேடிக்கையாகப் பார்க்கலாம். ஆனால் இந்தச் சகோதரியைப் போல் உழைத்துச் சேர்த்த காசில் முதல் வாகனம் வாங்க நினைக்கும் பெண்கள் இன்று பல ஊர்களிலும் இருக்கிறார்கள். அந்தக் காசு ஒரு முறைதான் சேரும். பிழையான காரில் அது போய்விட்டால் தையல் இயந்திரத்தை விற்றுத்தான் கராச் பில்லைக் கட்ட வேண்டி வரும்.

முதலில் ஒன்றை விளங்கிக் கொள்வோம். 13 வயது வித்தியாசமுள்ள இரண்டு கார்கள் எப்படி ஒரே விலைக்கு வந்தன? ஜப்பான் காருக்கு எமது நாட்டில் எப்போதும் மதிப்பு அதிகம். அதோடு 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டது. தனியார் பாவனைக்கான கார்கள் மீண்டும் வரத் தொடங்கியது 2025 பெப்ரவரியில்தான். அந்த ஐந்து வருடத்தில் நாட்டுக்குள் ஏற்கனவே இருந்த கார்களே கைமாறிக் கைமாறி விலை ஏறின. இறக்குமதி திறந்த பின்னரும் வரி மிக அதிகம் என்பதால் புதிய கார் எம்மைப் போன்றவர்களுக்கு எட்டாது. ஆகவே 24, 25 வருடம் ஓடிய காருக்கும் இலட்சக்கணக்கில் கேட்கிறார்கள், கொடுக்கவும் ஆளிருக்கிறது. விலையைப் பார்த்து “இவ்வளவு கேட்கிறார்களே, நல்ல காராகத்தான் இருக்கும்” என்று எண்ணிவிடக் கூடாது.

இனி இரண்டு கார்களையும் பார்ப்போம்.

விட்ஸ் 1999இல் ஜப்பானில் வெளிவந்தது. ஐரோப்பாவில் அதே கார் யாரிஸ் என்ற பெயரில் விற்கப்பட்டது. அங்கும் ஜப்பானிலும் ஆண்டின் சிறந்த கார் விருது அதற்குக் கிடைத்தது. எங்களுடைய சகோதரி பார்த்த காரில் 4 சிலிண்டர் எஞ்சின் இருக்கிறது. ஏறத்தாழ 70 குதிரைவலு. உள்ளே டைமிங் சங்கிலி இருப்பதால், இத்தனை கிலோ மீற்றருக்கு ஒரு முறை பெல்ட் மாற்ற வேண்டும் என்ற செலவு இல்லை. உட்கார இடம் தாராளம், கதவும் அகலம்.

ஆல்டோ 800 இந்தியாவில் மாருதி நிறுவனம் 2012இல் வெளியிட்டது. 796 சீசீ, 3 சிலிண்டர், 48 குதிரைவலு. காரின் நிறை ஏறத்தாழ 700 கிலோதான் என்பதால் சிறிய எஞ்சினாலும் இழுத்துச் செல்ல முடிகிறது. சக்கரம் 12 அங்குலம். ரயர் மலிவு, ஆனால் குழி விழுந்த வீதியில் சின்னச் சக்கரம் அதிகம் குதிக்கும். பின்பக்கப் பெட்டியில் 177 லீற்றர் இடம். துணிக் கட்டுகளை வைத்தால் கதவு சாத்த முடியுமா என்பதை ஒரு கட்டைக் கொண்டுபோய் வைத்தே பார்த்துவிடுங்கள், வெட்கப்பட ஒன்றுமில்லை. இன்னொன்று, ஆல்டோவில் சில மாதிரிகளுக்குப் பவர் ஸ்டியரிங் இருக்கும், சிலவற்றுக்கு இருக்காது. நின்ற இடத்தில் ஸ்டியரிங்கைத் திருப்பிப் பார்த்தால் கை சொல்லிவிடும்.

எமது வீதிகளைப் பற்றிச் சொல்லாமல் மாத்தளைக்காரிக்குக் கார் தெரிவு செய்ய முடியாது. யாழ்ப்பாணம் வரை போகும் ஏ9 வீதி கண்டியில் தொடங்கி மாத்தளையூடாகத்தான் போகிறது. ஓமந்தையில் வரிசையில் நின்றவர்களுக்கு அந்த வீதியின் பெயரே வேறு ஞாபகத்தைத் தரும். மாத்தளையிலிருந்து நாவுல, தம்புள்ளைப் பக்கம் போனால் சமதரையும் வெயிலும். அங்கே எந்தக் காரும் ஓடும். ஏசி வேலை செய்கிறதா என்பதே கவலை. ரத்தோட்டையைத் தாண்டி ரிவர்ஸ்டன் பக்கம் ஏறினால் வளைவும் ஏற்றமும் மழையும் மூடுபனியும். எல்கடுவ வீதியும் அப்படித்தான்.

ஆகவே விற்பவர் காட்டும் பாதையில் ஓடிப் பார்க்காதீர்கள். அவர் சமதரையான வீதியைத்தான் காட்டுவார். நீங்கள் தினமும் போகும் ஏற்றத்துக்கே காரைக் கொண்டு வரச் சொல்லுங்கள். ஏற்றத்தின் நடுவில் நிறுத்தி, கைப்பிரேக் போட்டு, மறுபடி எடுங்கள். ஆல்டோவில் கிளச்சை விடும்போது எஞ்சின் உறுமியும் கார் நகரத் தாமதித்தால், அல்லது கருகிய மணம் வந்தால், கிளச் தேய்ந்துவிட்டது. விட்ஸில் கியர்த் தடியை ‘டீ’யிலிருந்து ‘ஆர்’க்கு மாற்றும்போது முதுகில் தட்டியது போல ஓர் இடி வந்தால் கியர்ப்பெட்டி பலவீனப்பட்டிருக்கிறது என்று எண்ணிக் கொள்ளுங்கள். கியர் ஒயிலின் அளவுக்கம்பியை இழுத்து வெள்ளைத் துணியில் துடைத்துப் பாருங்கள். தெளிந்த சிவப்பாக இருந்தால் நல்லது. கருத்து, கருகி மணத்தால் அந்தக் காரை அங்கேயே விட்டுவிட்டு வாருங்கள். ஓட்டோ கியர்ப்பெட்டி பழுதானால் திருத்துகிற செலவு, ஆல்டோவின் கிளச்சை மாற்றுகிற செலவைப் போலப் பல மடங்கு.

இறக்கத்துக்கும் ஒரு வார்த்தை. மலை இறங்கும்போது காலைப் பிரேக்கிலேயே வைத்திருந்தால் பிரேக் சூடேறிப் பிடிக்காமல் போகும். ஆல்டோவில் இரண்டாம் கியர். விட்ஸில் தடியை ‘2’க்கோ ‘எல்’லுக்கோ இறக்குங்கள். ஓட்டோ காரில் ‘டீ’யைத் தவிர வேறு எழுத்துகள் எதற்கு இருக்கின்றன என்று தெரியாமலே வருடக்கணக்கில் கார் ஓடுகிறவர்கள் எங்கள் பக்கத்தில் இருக்கிறார்கள்.

அடுத்தது தாயாரின் கால். திகன புனர்வாழ்வு வைத்தியசாலைக்கு உக்குவெல, வத்தேகம வழியாக அவரைக் கூட்டிப் போக வேண்டியிருக்கிறது என்று சகோதரி எழுதியிருக்கிறார். முச்சக்கர வண்டியில் அவ்வளவு தூரம் குலுங்கிப் போனால் செயற்கைக் கால் பூட்டும் இடம் உரசிப் புண்ணாகிவிடுமாம். இந்த விடயத்தில் எஞ்சினும் கியரும் முக்கியமில்லை. முன் இருக்கையை முழுதாகப் பின்னே தள்ளி, தாயாரைச் செயற்கைக் காலோடு ஏற்றி, இறக்கிப் பாருங்கள். முதலில் உட்கார்ந்து, பிறகு இரண்டு கால்களையும் உள்ளே எடுக்க இடமிருக்கிறதா? இருக்கை அதிகம் தாழ்ந்திருந்தால் எழும்ப ஆள் தூக்க வேண்டி வரும். விட்ஸில் இடம் கூடுதலாக இருக்கும் என்பதே எனது எதிர்பார்ப்பு. ஆனால் ஆளுக்கு ஆள் உயரம் வேறு. தாயாரை வீட்டில் வைத்துவிட்டு இந்த முடிவை எடுக்க முடியாது.

இதை வாசிக்கும் சகோதரிகளில் தாமே இடது காலை இழந்தவர்களும் இருக்கலாம். ஓட்டோ காரில் கிளச் இல்லை; வலது கால் ஒன்றே போதும். உங்களுக்கு இந்த இரண்டு கார்களுக்குமிடையே தெரிவு என்பதே இல்லை, ஓட்டோதான். முதலில் தேசிய போக்குவரத்து மருத்துவ நிறுவனத்தில் பரிசோதனை செய்து, அவர்கள் சொல்வதை அறிந்த பிறகே கார் தேடுங்கள். ஓட்டோ காரில் பரீட்சைக்குத் தோற்றினால் சாரதி அனுமதிப்பத்திரம் ஓட்டோவுக்கு மட்டுமே என்பதையும் கவனத்தில் கொள்ளுங்கள். அதை வைத்துக்கொண்டு ஆல்டோ ஓட முடியாது.

பெற்றோல் கணக்கைப் பார்ப்போம். ரத்தோட்டையிலிருந்து மாத்தளைக்கு ஏறத்தாழ 10 கிலோ மீற்றர். காலையில் மகனை விட்டுத் திரும்ப, மாலையில் கூட்டி வர என்று ஒரு நாளைக்கு 40 கிலோ மீற்றர் வைத்தால், 25 நாளைக்கு 1000. கணக்குக்காக ஆல்டோ லீற்றருக்கு 16 கிலோ மீற்றரும் விட்ஸ் 12 கிலோ மீற்றரும் ஓடுவதாக வைத்துக் கொள்வோம். ஆல்டோவுக்கு 62 லீற்றருக்குச் சற்றுக் கூட, விட்ஸுக்கு 83 லீற்றர். வித்தியாசம் ஏறத்தாழ 21 லீற்றர். லீற்றர் 300 ரூபாய் என்றால் மாதம் 6,000 ரூபாய்க்கு மேல், வருடத்துக்கு 75,000 ரூபாய். எத்தனை சீருடை தைத்தால் அந்தக் காசு வரும் என்று சகோதரிக்கு நான் சொல்லத் தேவையில்லை. உங்கள் காரின் உண்மையான எண்ணை நீங்களேதான் அளக்க வேண்டும். தாங்கியை வாய் வரை நிரப்புங்கள். மீற்றரை எழுதி வையுங்கள். ஒரு வாரம் ஓடிவிட்டு மறுபடி வாய் வரை நிரப்புங்கள். ஓடிய தூரத்தை இரண்டாவது முறை ஊற்றிய லீற்றரால் பிரித்தால் விடை வரும். இன்றே வாங்கப் போகிறவர் இதைச் செய்ய முடியாது என்பது உண்மைதான். ஆனால் அதே கார் வைத்திருக்கும் அயலவரிடம் செய்து பார்க்கச் சொல்லலாம்.

2022ஐயும் மறந்துவிடக் கூடாது. அந்த வருடம் கியூஆர் முறை வந்தபோது காருக்கு வாரத்துக்கு 20 லீற்றர்தான் கொடுத்தார்கள். லீற்றருக்கு 16 ஓடும் கார் என்றால் 320 கிலோ மீற்றர். 12 ஓடும் கார் என்றால் 240 கிலோ மீற்றர். சகோதரியின் வாரத் தேவைக்கே அது மட்டுமட்டாகத்தான் இருந்திருக்கும். 2023 செப்டெம்பரில் அந்த முறை நீக்கப்பட்டது. மறுபடி வராது என்று யாரும் எழுதித் தரப் போவதில்லை.

திருத்த வேலை பற்றிச் சொன்னால், ஆல்டோவில் டைமிங் பெல்ட் இருக்கிறது. அது ரப்பர். கடைசியாக எப்போது மாற்றினார்கள் என்று கேளுங்கள், பில் இருந்தால் காட்டச் சொல்லுங்கள். பில் இல்லையென்றால் மாற்றவில்லை என்றே எடுத்துக்கொண்டு, வாங்கிய வாரமே மாற்றுங்கள். அந்தச் செலவை விலையில் குறைத்துக் கேட்கலாம். ஆல்டோவின் உதிரிப்பாகம் இந்தியாவிலிருந்து புதிதாக வருவதால் மாத்தளை, கண்டிக் கடைகளில் தேடிப் பிடிப்பது இலகு. விட்ஸுக்கும் சாமான் இல்லாமலில்லை. ஆனால் பழைய மாதிரியின் சில பாகங்களுக்குக் கொழும்பு பஞ்சிகாவத்தையில் கழற்றிய சாமான் தேட வேண்டி வரும். அங்கே போய்ப் பேரம் பேச உங்களுக்கு ஆளிருக்கிறதா, ஒரு நாள் வேலை போகாதா என்பதையும் கணக்கில் சேருங்கள்.

மெக்கானிக் பாஸ் ஒருவரைக் கூட்டிப் போவது கட்டாயம். விற்பவர் அறிமுகப்படுத்தும் பாஸ் வேண்டாம். தரகர் கூட்டி வருபவரும் வேண்டாம். உங்கள் ஊரில் உங்களுக்குத் தெரிந்தவரை, அவருக்குரிய கூலியைக் கொடுத்து அழைத்துச் செல்லுங்கள். கூலி வாங்கியவர் உங்களுக்காகப் பேசுவார். காலையில், எஞ்சின் குளிர்ந்திருக்கும்போது போங்கள். போனவுடன் பொனற்றில் கை வையுங்கள். சூடாக இருந்தால் ஏற்கனவே ஸ்டார்ட் செய்து வைத்திருக்கிறார்கள். அப்படியானால் இன்னொரு நாள் வருவதாகச் சொல்லுங்கள். நீலப் புகை வந்தால் எஞ்சின் ஒயில் எரிகிறது. ஒயில் ஊற்றும் மூடியின் அடியில் பால் போல வெள்ளையாகப் படிந்திருந்தால் தண்ணீர் கலந்திருக்கலாம், பாஸிடம் காட்டுங்கள். ரயரின் பக்கத்தில் நான்கு இலக்கம் இருக்கும். 2319 என்றால் 2019ஆம் ஆண்டின் 23ஆம் வாரம் செய்த ரயர். பூ நிறைய இருந்தாலும் வயதான ரயர் மழையில் பிடிக்காது. ஓடிய தூரத்தைக் காட்டும் மீற்றரைப் பின்னுக்குத் திருப்புவது பழைய வித்தை. பிரேக் மிதியின் ரப்பர் வழுவழுவென்று தேய்ந்திருக்க மீற்றர் மட்டும் குறைவாகக் காட்டினால் நம்பாதீர்கள்.

கார் சேலில் நாம் கேள்வி கேட்டால் பதிலை எம்மோடு வந்த ஆணைப் பார்த்துத்தான் சொல்வார்கள். அது கோபத்தைத் தரும், ஆனால் ஒரு வசதியும் அதில் உண்டு. அவர்கள் பேசிக்கொண்டிருக்கும்போது நீங்கள் கம்பளத்தைத் தூக்கிப் பார்க்கலாம்.

அந்தக் கம்பளத்தை இந்த நாட்களில் கட்டாயம் தூக்கிப் பார்க்க வேண்டும். 2025 நவம்பர் இறுதியில் வந்த டித்வா புயலின் வெள்ளத்தில் நாட்டின் பல பாகங்களிலும் வாகனங்கள் மூழ்கின. எமது ஏ9 வீதியிலேயே அக்குறணை நகரம் அடிக்கடி வெள்ளத்தில் மூழ்குகிறது என்பதும் தெரிந்ததே. மூழ்கிய காரைக் கழுவிக் காய வைத்து, வாசனைத் திரவியம் அடித்து விற்கிறார்கள். இருக்கை வாரை முழு நீளத்துக்கும் இழுத்துப் பாருங்கள். நடுவில் சேற்றுக் கோடு இருந்தால் தண்ணீர் அதுவரை ஏறியிருக்கிறது. இருக்கையைப் பூட்டிய ஆணிகளில் துரு, தண்டவாளத்தின் இடுக்கில் சேறு, முன் விளக்குக்குள் நீராவி, இவற்றில் ஒன்று கண்டாலும் விலை எவ்வளவு குறைந்தாலும் வேண்டாம். வெள்ளம் பட்ட காரில் மின்சார வேலைகள் ஒவ்வொன்றாக, ஒவ்வொரு மாதமாகப் பழுதாகும்.

விபத்துப் பாதுகாப்பில் ஆல்டோவுக்காக வாதாட முடியாது. 2014 ஜனவரியில் குளோபல் என்கேப் என்ற அமைப்பு இந்தியாவில் விற்கும் சிறிய கார்களை மோதச் செய்து பரிசோதித்த முடிவுகளை வெளியிட்டது. காற்றுப்பை இல்லாத ஆல்டோ 800க்குப் பெரியவர்களின் பாதுகாப்பில் ஒரு நட்சத்திரமும் கிடைக்கவில்லை. யாரிஸுக்கு 2000ஆம் ஆண்டு ஐரோப்பியச் சோதனையில் 4 நட்சத்திரம் கிடைத்தது. இரண்டும் வெவ்வேறு சோதனைகள், அந்த நட்சத்திரத்தையும் இந்த நட்சத்திரத்தையும் அப்படியே ஒப்பிட முடியாது. 25 வருடம் ஓடி, முட்டி, துருப்பிடித்து, ஒட்டுப் போட்ட விட்ஸ் அன்று சோதித்த புதுக் கார் போல் நிற்கும் என்பதும் இல்லை. இருந்தாலும் தம்பி சொல்வதில் இந்த இடத்தில் நியாயமிருக்கிறது. எந்தக் காரானாலும் மகனைப் பின் இருக்கையில் வாரோடு உட்கார வையுங்கள். பின் இருக்கையில் வார் வேலை செய்கிறதா என்று வாங்கு முன் பாருங்கள். அனேகமான கார்களில் அது இருக்கையின் அடியில் தொலைந்து போயிருக்கும்.

இப்போது புத்தகத்துக்கு வருவோம். கடிதத்தில் சகோதரி ஒரு வரியில் சொல்லிவிட்டுப் போன விடயம் இதுதான்: விட்ஸ் “ஓப்பன் பேப்பர்”. அதாவது பதிவுப் புத்தகத்தில் இருப்பவர் எப்போதோ கைமாற்றப் படிவத்தில் கையொப்பமிட்டுக் கொடுத்துவிட்டார். அதன் பிறகு இரண்டு மூன்று பேர் பெயர் மாற்றாமலே காரை வாங்கி விற்றிருக்கிறார்கள். இப்போது விற்பவரின் பெயர் புத்தகத்தில் இல்லை. எமது நாட்டில் இது சர்வசாதாரணம். சர்வசாதாரணம் என்பதால் சரியாகிவிடாது. கைமாறினால் 14 நாட்களுக்குள் மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்துக்கு அறிவிக்க வேண்டும் என்பது சட்டம். பெயரில் இருப்பவர் இறந்திருந்தால், வெளிநாடு போயிருந்தால், கையொப்பம் பொருந்தாவிட்டால், கார் உங்கள் முற்றத்தில் நிற்கும், உரிமை உங்களிடம் இருக்காது.

எம்மில் பலருக்கு இதை விளக்கத் தேவையில்லை. கணவரின் பெயரில் இருந்த மோட்டார் சைக்கிள், கணவரின் பெயரில் இருந்த காணி, கணவர் காணாமற் போனபின் அவற்றை விற்கவும் முடியாமல், தம் பெயருக்கு மாற்றவும் முடியாமல் எத்தனை பேர் கச்சேரிப் படி ஏறினோம். காணாமற் போனவர்களின் குடும்பத்துக்கு மரணச் சான்றிதழுக்குப் பதிலாக வேறொரு சான்றிதழ் வழங்க 2016இல் சட்டம் வந்தது. அதுவரை “மரணச் சான்றிதழ் கொண்டு வாருங்கள்” என்ற ஒரே பதில்தான். யாருடைய பெயரில் இருக்கிறது என்ற கேள்வி எம்மைச் சுற்றி வந்தது போதும். நீங்கள் காசு கொடுக்கும் கார் உங்கள் பெயரில் இருக்க வேண்டும். தம்பி காசு அனுப்பினார் என்பதற்காகத் தம்பியின் பெயரிலும் வேண்டாம், ஓடத் தெரிந்தவர் என்பதற்காக மச்சானின் பெயரிலும் வேண்டாம். தம்பிக்கு நன்றிக்கடன் வேறு விதத்தில் செலுத்தலாம்.

ஆகவே புத்தகத்தைக் கையில் வாங்கி, அதிலுள்ள எஞ்சின் இலக்கத்தையும் சசி இலக்கத்தையும் காரில் இருப்பவற்றோடு எழுத்துக்கு எழுத்து ஒப்பிடுங்கள். குத்தகைக் கம்பனி எதுவும் முழு உரிமையாளராகப் பதிவாகியிருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் கடன் முடிந்ததற்கான கடிதம் இல்லாமல் ஒரு சதமும் கொடுக்க வேண்டாம். சந்தேகமிருந்தால் திணைக்களத்தில் வாகன இலக்கத்தைக் கொடுத்து, கட்டணம் செலுத்தி, பதிவு விபரத்தின் சாற்றைப் பெறலாம். புகைப் பரிசோதனைச் சான்றிதழ், காப்புறுதி, வருமான அனுமதிப்பத்திரம் மூன்றும் நடப்பில் இருக்கின்றனவா என்பதையும் கவனியுங்கள். முதலிரண்டும் இல்லாமல் பிரதேச செயலகத்தில் மூன்றாவது கிடைக்காது.

கடன் பற்றிச் சுருக்கமாக. மிகப் பழைய காருக்குக் குத்தகை வசதி கிடைப்பது கடினம்; அதனால் சிலர் குறைகிற காசுக்கு நுண்கடன் எடுக்கப் போகிறார்கள். வேண்டாம். 2021 மார்ச்சில் ஹிங்குராக்கொடையில் பெண்கள் சத்தியாக்கிரகம் இருந்தது எதற்காக என்று உங்களுக்குத் தெரியும். வாரத் தவணைக் கடனில் வாங்கிய கார், முதல் முறை கராச்சுக்குள் போகும்போதே உங்களையும் இழுத்துக்கொண்டு போகும். கையில் இருக்கும் காசு முழுவதையும் விலைக்கே கொடுத்து விடாமல், ரயர், பற்றரி, பெல்ட், காப்புறுதி என்பவற்றுக்கு ஒரு பகுதியை ஒதுக்கி வைத்துவிட்டு, மிச்சத்துக்குள் வரும் காரையே பாருங்கள்.

சரி, எதை எடுப்பது? எனது அபிப்பிராயம் ஆல்டோ. கடைக்கார அண்ணன் சொல்லும் காரணத்துக்காக அல்ல. அவர் ஆல்டோவை விற்றால் காசு கிடைக்கும் என்று சொல்கிறார். அந்த ஆல்டோவுக்கு ஒரே உரிமையாளர், புத்தகம் அவர் பெயரில், அவரே கையொப்பமிட வருகிறார் என்று சகோதரி எழுதியிருக்கிறார். தினமும் 40 கிலோ மீற்றர் ஓடும் காருக்குப் பெற்றோல் மிச்சம். பழுதானால் ரத்தோட்டையிலேயே கை வைக்க ஆளுண்டு. கையால் கியர் மாற்றத் தெரியும் என்றும் எழுதியிருக்கிறார். விபத்துப் பாதுகாப்பில் அது பின்தங்கியது என்பதை மேலே சொன்னேன், அதை மறைக்கவில்லை. கண்டி வீதியில் அதை வேகமாக ஓட வேண்டாம், இரவில் ரிவர்ஸ்டன் பக்கம் கொண்டு போகவும் வேண்டாம்.

தாயார் அதில் ஏறி இறங்க முடியாவிட்டால் எனது பதில் மாறும். அப்போதும் இந்த விட்ஸ் அல்ல. பெயர் மாற்றக்கூடிய புத்தகத்தோடு வேறொரு விட்ஸ் வரும் வரை காத்திருக்கலாம். அதுவரை வைத்தியசாலைக்கு மாதத்தில் ஒரு நாள் வாடகைக் கார் பிடிப்பது மலிவு. தம்பிக்கு விட்ஸில்தான் மனம் என்றால், அந்த விட்ஸின் புத்தகத்தில் பெயர் இருப்பவரைக் கண்டுபிடித்து, அவர் நேரில் வந்து கையொப்பமிட்ட பிறகு மறுபடி பேசலாம் என்று தரகரிடம் சொல்லச் சொல்லுங்கள். அதற்குத் தரகர் சொல்லும் பதிலைத் தம்பியே கேட்கட்டும்.

காசு கொடுக்கும் நாளில் பாஸையும் கூட்டிக்கொண்டு பகலில் போங்கள். கையில் காசாகக் கொடுக்காமல் வங்கி வழியாக, புத்தகத்தில் பெயர் உள்ளவரின் கணக்குக்கே போடுங்கள். புத்தகம், கையொப்பமிட்ட படிவம், விற்பவரின் அடையாள அட்டைப் பிரதி, இரண்டு திறப்புகள் எல்லாம் உங்கள் கைக்கு வந்தபின் காரை எடுங்கள். இரண்டாவது திறப்பு இல்லை என்பார்கள். பூட்டை மாற்றும் செலவைக் கழித்துக் கொடுங்கள்.

காப்புறுதியில் மூன்றாம் தரப்பா, முழுமையானதா என்று இன்னும் இருவர் கேட்டிருக்கிறார்கள். அதை அடுத்த இதழில் பார்ப்போம்.